மிச்சம் ஒரு மந்திரம்

குன்னூர், பெட்ஃபோர்டு, பேக்கரி மாடி.
கரண்ட் போய் அரைமணி.
மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் என் சூனியக்காரி:
உயிர் ஏழு, மிச்சம் ஒரு மந்திரம்.

கேடயமா, மூடுபனியா?

"பனியா? ஜன்னலைத் திற, இலவசம்"
என்கிறான் ஹாலன், வர்க்கியை டீயில் முக்கியபடி.
கேடயம் தாங்குவது ஒரே அடி,
அதுவும் என்மேல் விழுவதை மட்டும்.
பனி எல்லோரையும் மறைக்கும்.
டிராகனையும்.

மெர்சி கொட்டாவி விடுகிறாள்;
டிராகன் வாய் திறப்பதும் அப்படித்தான்.

"பனி" என்று பகடையை விட்டேன்.
டிராகன் எங்களைத் தேடியது.
நாங்கள்
ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டோம்.

ராத்திரி, சிம்ஸ் பார்க் வளைவு.
பனிக்குள்ளிருந்து ஒரு கனத்த மூச்சு,
பிறகு கொம்பு.
காட்டெருமை.

ஹாலன் குடையை விரித்து
எனக்கு முன்னால் வந்து நின்றான்.
இரண்டு கம்பி ஒடிந்த குடை.
அரை அடிகூடத் தாங்காது.