ஒன்றே முக்காலுக்குச் சற்றுக் குறைய

நொத்தாரிசு வரப் பதினொன்றாகும் என்றார்கள்.
கண்டி வீதியைக் கடக்கும்போதே கேட்டது
பழைய பூங்காப் பக்கமிருந்து
சீமெந்தில் பந்து விழும் சத்தம்.
மரத்தரையில் விழுந்தால் அதற்கு வேறு குரல்.
பதினொரு பருவம் கேட்ட காது, ஏமாறாது.

வங்கி ஊழியர் அணிக்கு ஓராள் குறைவு.
உயரத்தைப் பார்த்தே கூப்பிட்டார்கள்.
பெயர் கேட்டவன் “சுவிஸோ?” என்றான்,
கைபேசியில் எதையோ தேடினான்,
ஒலிவாங்கி வைத்திருந்தவரின் காதில் குனிந்தான்.
“சுவிற்சர்லாந்தின் தொழில்முறை நட்சத்திரம்
இன்று எம் மத்தியில்...”

நட்சத்திரம்.
ஆட்டமொன்றுக்குச் சராசரி மூன்று புள்ளி.
மிச்ச நேரம் வாங்கில், தோளில் துவாயோடு
ஃபிரிபூர்க்கில், லுகானோவில்,
பெயர் மறந்துபோன ஒரு மலையூரில்.
சம்பளம் வாடகைக்குக் காணும்.
கோடையில் அதுவும் இல்லை, பொதி வான் ஓட்டினேன்.
ஒருமுறை, கிண்ண அரையிறுதியில்,
ஆறு வினாடி இருக்கையில் இறக்கினார்கள்.
பந்து என்னிடம் வரவில்லை. வென்றோம்.
பத்திரிகைப் படத்தில் என் முழங்கை இருக்கிறது.

முதுகில் அப்பாவின் பெயர்.
அங்கே அதுதான் குடும்பப் பெயர்.
சிற்றம்பலம்.
தோளிலிருந்து தோளுக்கு வில்லாய் வளைத்தும்
கடைசி எழுத்து அக்குளுக்குள் போய்விடும்.
அறிவிப்பாளர்கள் நடுவில் ஒருமுறை மூச்செடுப்பார்கள்.
அப்பா ஓர் ஆட்டத்துக்கும் வரவில்லை.
சனி இரவில்தான் உணவகத்தில்
கோப்பைகள் கழுத்தளவு குவியும்.
நான் ஆடியதெல்லாம் சின்ன அரங்குகள்.
பெயரிலேயே எழுதியிருந்தது,
பேர்ணில் பிறந்தவனுக்கு வாசிக்கத் தெரியவில்லை.

ஒன்று மட்டும் எனக்கு நன்றாக வரும்.
பாய்ந்து வருகிறவனின் வழியில்
முன்னமே போய் நிற்பது.
பாதம் இரண்டும் ஊன்றி, கைகளை நெஞ்சோடு சேர்த்து,
இடியை முழுதாக வாங்கி
மல்லாக்க விழுவது.
விசில் ஊதும். பிழை அவனுக்கு, பந்து எங்களுக்கு.
எங்கள் புள்ளித்தாளில் அதற்குக் கட்டம் கிடையாது.
இருநூறு தடவைக்கு மேல் விழுந்திருப்பேன்,
வலது முழங்கால்தான் கணக்கு வைத்திருக்கிறது.

இரண்டாம் பாதி.
மின்சாரசபையின் ஏழாம் இலக்கம்,
நாற்பது வயது, முன்வழுக்கை,
பந்தோடு வலப்பக்கமாய் வெட்டி வந்தார்.
அவர் நினைக்க முதலே எனக்குத் தெரிந்தது.
போய் நின்றேன்.
விழுந்தேன்.
சீமெந்து வஞ்சகம் இல்லாமல் தோலை எடுத்தது.

மத்தியஸ்தர் கணிதம் படிப்பிக்கிறவராம்.
விசிலை ஊதி
இரண்டு கையையும் இடுப்பில் வைத்தார்.
பிழை எனக்கு.

“சேர், என்ர கால் ஊண்டித்தான் நிண்டது!”
“இடக்கால் அசைஞ்சது தம்பி.
ஐரோப்பாவில எப்பிடியோ எனக்குத் தெரியாது.”

புள்ளி எழுதும் மேசையில் சிரிப்பு.

அசைந்ததுதான்.
அரை அங்குலம்.
பதினொரு பருவத்தில் ஒருவர் கண்ணிலும் படவில்லை.

பதினொன்றேகாலுக்கு, வியர்வையோடு,
நொத்தாரிசின் மின்விசிறிக்குக் கீழே இருந்தேன்.
நான்கெல்லையையும் வாசித்தார்:
கிழக்கே ஒழுங்கை, தெற்கே பூமணி பங்குக் காணி,
விஸ்தீரணம் இரண்டு பரப்பு.
அப்பா விட்டுப்போனது. நான் ஒருநாளும் நிற்காதது.
அவர் வாசிக்க வாசிக்க மனம் பெருக்கிப் பார்த்தது:
இருபத்தெட்டு மீற்றர் நீளம், பதினைந்து அகலம்,
ஒன்றே முக்கால் பரப்புக்குச் சற்றுக் குறைய.
என் தொழில் முழுவதும் அந்தக் காணிக்குள் அடங்கும்.
கோட்டுக்கு வெளியே
ஒரு வாங்கு போடவும் இடம் மிஞ்சும்.

பேனையைத் தந்தார்கள்.
முழங்கைக் காயம் உறுதியில் படாமல்
கையைத் தூக்கிப் பிடித்தபடி கையெழுத்து வைத்தேன்.
காணி வாங்குகிறவர் மரியாதைக்குக் கேட்டார்,
“தம்பிக்கு சுவிஸில என்ன வேலை?”

“வழியில நிக்கிறது” என்றேன்.

விளங்கியது போலத் தலையாட்டினார்.
போக்குவரத்துப் பொலிஸ் என்று நினைத்திருக்கலாம்.