குறைச்சுக் குறைச்சுத்தான்

மூதூர்ப் படகுக்கு ரிக்கெற் கொடுக்கும் கண்ணாடியில்
ஒரு வட்ட ஓட்டை.
பதினொரு வருஷமாய் அதற்குள்தான் என் முகம்.
இப்போது ஓட்டை நிறைந்துவிட்டது.

"மிஸ் நல்லாக் கொழுத்திட்டீங்க" என்கிறார்
வெற்றிலைக் கூடையோடு போய்வரும் சபூர் நானா.
மீதிக் காசை எண்ணிக் கொடுக்கிறேன்.
விரல் நடுங்குவது பம்பால்.
முகம், குளிசையால்.

போன மார்கழி வாடையில்
துறைமுகம் கறுத்துப் படகு ஓடாத மூன்று நாளும்
என் நெஞ்சுக்குள்ளும் ஒன்றும் ஓடவில்லை.
பெரியாஸ்பத்திரி வாங்கில் குந்தி
மூக்கையும் வாயையும் மூடிய கிண்ணத்தில் ஆவி குடித்தேன்.
பிறகு தந்தார்கள்:
சின்னஞ் சின்ன வெள்ளைக் குளிசை, காலையில் எட்டு,
சாப்பிட்ட பிறகு.

நாலாம் நாள் மாடிப்படி ஏறி
மேலே நின்று சிரித்தேன். சும்மா.
மற்றவர்கள் எல்லாரும் இவ்வளவு காலமும்
இப்படியா மூச்சு விட்டார்கள்,
ஒருவரும் சொல்லவில்லையே.

சித்திரையில் ஒருதரம். வைகாசியில் ஒருதரம்.
அதற்குப் பிறகு நிறுத்தவே இல்லை.

பசி இரவு இரண்டு மணிக்கு வரும்.
குசினியில் நின்றபடி பழம் புட்டை வழித்துத் தின்பேன்.
கீழே ஒழுங்கையில் மான்கள்
மரக்கறிக் கடைப் பெட்டியின் மட்டையைச் சப்பும்.
ஒன்று நிமிர்ந்து பார்க்கும்.
அதுக்கும் நித்திரை இல்லை.

தேத்தண்ணியில் சீனி போய்விட்டது.
மேசை விளிம்பு தட்டினாலும்
கையில் ஒரு நாவற்பழம்.
பேணி மூடி ஒன்றுக்காக யதுஷாவை அடித்தேன்.
அது நீயா குளிசையா என்று அவள் கேட்கவில்லை.
நான்தான் கேட்டேன்,
அவள் நித்திரையான பிறகு.

"நிலா முகம் எண்டு சொல்லுவம்.
மருந்து குறைய வடிஞ்சிடும்" என்றா டொக்டர்.
நிலா முகம்!
தமிழில் இதைவிடப் பழைய புகழ்ச்சி உண்டா?
இருபது வருஷத்தில் தயாபரன் வாயில் வராதது
கிளினிக் கொப்பியில் வந்தது,
நீல மையில்,
பக்கவிளைவு என்ற சொல்லுக்குக் கீழே.

மச்சாளின் மகளுக்குக் கலியாணம்.
சட்டை தோளில் ஏறவில்லை.
ஒரு வெள்ளிக்கிழமை குளிசைப் பையைச் சுருட்டி
அலுமாரிக்குப் பின்னால் எறிந்தேன்.
திங்கள், ரிக்கெற் கிழிக்கக் கைக்குத் தெரியவில்லை.
தரை மெல்லச் சரிந்தது, படகுத் தளம் மாதிரி.
வெற்றிலைக் கூடையை அப்படியே போட்டுவிட்டு
சபூர் நானாவும் இன்னும் இரண்டு பேரும்
என்னை ஆட்டோவில் ஏற்றினார்களாம்.
பாரமாய்த்தான் இருந்திருக்கும்.

டொக்டர் ஏசவில்லை. அதுதான் சுட்டது.
"வெளியில இருந்து வந்து கொண்டிருந்ததால
உங்கட உடம்பு தானாச் சுரக்கிறதை மறந்துபோச்சு.
அதுக்கு ஞாபகம் வரவேணும்.
உடன நிப்பாட்டேலாது.
குறைச்சுக் குறைச்சுத்தான்."

ஆறு. ஐந்து. நாலு.
நாலுக்கும் மூன்றுக்கும் இடையில் ஒரு மாதம்.

இன்று இறங்குதுறை வாசலில் புது நேவிப் பொடியன்.
அடையாள அட்டையைப் பார்க்கிறான், என்னைப் பார்க்கிறான்.
அட்டையில் கழுத்தெலும்பு தெரிய ஒரு ஒல்லிப் பெண்.
"இது நீங்களா?"
பழகாத தமிழில், மரியாதையாகத்தான் கேட்கிறான்.

ஓம் என்றேன்.
அந்தப் படத்துக்கு இருந்தபோது
இழுப்புச் சத்தம் ஸ்ரூடியோக்காரருக்குக் கேட்கக்கூடாதென்று
மூச்சை அடக்கிக்கொண்டிருந்ததை
அவனுக்குச் சொல்லவில்லை.

கவுண்டரைத் திறக்க முன்
மண்ணிறப் பம்பைக் குலுக்கி ஒரு இழுவை.
பத்து எண்ணும்வரை உள்ளே வைத்திருக்க வேணும்.
பிறகு வாய் கொப்பளித்துக் கடலில் துப்ப வேணும்,
இல்லாவிட்டால் நாக்கு வெள்ளை பூக்கும்.
ஆறு, ஏழு.
கயிற்றை அவிழ்க்கிறார்கள்.
எட்டு.
யாரோ ஓட்டைக்கு வெளியே காசை நீட்டுகிறார்கள்.
பொறுங்கோ
என்று கைகாட்டுகிறேன்.