ஏழடி, இரண்டு விரல்

பெரியபட்டினத்துக்குக் கிழக்கே
நாடாவின் மறுமுனையை அரியமுத்து பிடித்துக்கொள்ள
சுவரின் தடிமன் அளந்தேன்:
ஏழடி, இரண்டு விரல்.

முழுக்கப் பவளக்கல்.
தரைத்தளத்துக்கு வாசலே கிடையாது.
நூலேணியில் ஏறி
ஏணியையும் உள்ளே இழுத்துக்கொண்டவர்கள்.
படி வலமாகச் சுழல்கிறது,
கீழிருந்து வருபவனின் வாள்கை
நடுத்தூணில் இடிக்கட்டுமென்று.
ஒரு படி மட்டும் நாலு விரற்கடை கூடுதல்;
இருட்டில் பழகாத கால் இடறும்.
நானும் இடறினேன்,
இருநூறு வருடம் பிந்தி.

மேல்தளம் இல்லை.
பீரங்கி தொட்டதில்லையாம் இதை.
கும்பினியார் ஏலம் போட்டார்கள்,
செய்யது நயினா எடுத்தார்,
காளவாசலில் வெந்து சுண்ணாம்பானது.
கலெக்டர் பங்களா வெளுத்தது அதில்தான்.

அளவேட்டில்
உயரம் என்ற கட்டம் காலி.
"பங்களாச் சுவத்தையும் சேத்து அளந்துருங்க சார்"
என்கிறான் அரியமுத்து,
நாடாவில் ஒட்டிய மணலை உதறியபடி.