வாராதவர் கணக்கு

எண்ணெய் ஏறும் என்றுதான்
எல்லா அட்டவணையும் சொன்னது.
பீப்பாய் தொண்ணூற்றொரு டாலர் என்று
பதினெட்டு மாதத்துக்குப் பூட்டினேன்.
ஒப்பந்தத்தில் என் கையெழுத்து
கொஞ்சம் சாய்ந்து, அவசரமாய்.

எண்ணெய் இறங்கியது.
ஐம்பத்தெட்டில் போய் உட்கார்ந்தது,
வான்தா ஓடுதளத்தின் ஓரத்தில்
ஜனவரிச் சூரியன் உட்காருவதுபோல்,
எழுந்திருக்கும் எண்ணமே இல்லாமல்.

ஊரெல்லாம் மலிவாய் வாங்கிய எரிபொருளை
நாங்கள் மட்டும் பழைய விலைக்கு எரித்தோம்.
எண்பத்து மூன்று விமானம்.
ஒவ்வொன்றும் மேலெழும்போது
என் பிழை வெண்கோடாய் நீள்வதை
ஏழாம் மாடிச் சன்னலில் நின்று பார்த்தேன்.
காப்பீடு எடுத்த வீடு எரியவில்லையே என்று
யாராவது அழுவார்களா என்று
இயக்குநர் குழுவில் கேட்டும் பார்த்தேன்.
யாரும் சிரிக்கவில்லை.

இடர்ப் பதிவேட்டில் அந்த வரி என்னுடையது.
நிகழ வாய்ப்பு இரண்டு, தாக்கம் ஐந்து, நிறம் மஞ்சள்.
மஞ்சள் என்றால் கவனித்துக்கொண்டிருக்கிறோம் என்று பொருள்.
கவனித்துக்கொண்டேதான் இருந்தோம்.

ஆண்டு முடிவில் ஆறு மில்லியன் நட்டம்.
இவ்வளவு பெரிய கம்பெனிக்கு அது தூசு.
ஆனால் எண்ணுக்கு முன்னால் ஒரு கழித்தல் குறி.
ஹென்ரிக் ஷோப்லூம் அந்தச் சின்னக் கோட்டை
சட்டையில் ஒட்டிய முடியைப் பார்ப்பதுபோல் பார்த்தார்.
பிறகு தைமியைக் கூப்பிட்டார்.

தைமி வுவோரெலாவின் வேலை பறக்காத சீட்டுகள்.
காசு வந்துவிட்டது, ஆள் இன்னும் ஏறவில்லை.
ஏறும்வரை அது வருமானம் அல்ல, பொறுப்பு.
அறுநூற்று நாற்பது மில்லியன் யூரோ பொறுப்பு.
அதில் சிலர் ஏறவே மாட்டார்கள்,
நூற்றுக்கு மூன்று புள்ளி ஒன்று, அவள் கணிப்பில்.

"நாலு புள்ளி நாலு என்று வைத்தால்?"
காப்பிக்குச் சர்க்கரை கேட்கும் குரலில் ஹென்ரிக்.
மனசுக்குள் பெருக்கினேன்:
எட்டு மில்லியனும் சில்லறையும்.
கோடு அழிந்துவிடும்.
அதோடு நானும் தப்பிவிடுவேன்.

வாராக்கடன் எங்களுக்குத் தெரியும்,
எழுதித் தள்ளியிருக்கிறோம் எத்தனையோ.
தைமி மடிக்கணினியைத் திருப்பிக் காட்டியது
வாராதவர்களை.

குவோபியோவில் வாங்கிய ஒரு சீட்டு.
மார்ச், ஜூன், ஆகஸ்டு, அக்டோபர்
என்று நான்கு முறை தேதி மாற்றம்.
காலாவதிக்கு இரண்டு நாள் இருக்கையில்
பதினாலாம் வரிசை, சன்னலோரம்,
ஏறி உட்கார்ந்து போயிருக்கிறார்.
ஏன் தள்ளினார், ஏன் போனார், ஏட்டில் இல்லை.
"உங்கள் கணக்குப்படி
ஜூனிலேயே இவரைத் தின்றிருப்போம்," என்றாள்.
"வராதவர் காசு நமக்குத்தான், சட்டமே தருகிறது.
வரப்போகிறவர் காசைத் தரவில்லை."

ஹென்ரிக் என்னைப் பார்த்தார்.
நான் வாய் திறந்திருக்க வேண்டிய இடம் அது.
காப்பியைக் கலக்கிக்கொண்டிருந்தேன்.
அதில் சர்க்கரையே போடவில்லை.

மூன்று புள்ளி ஒன்று அப்படியே நின்றது.
கோடும் நின்றது.

பிப்ரவரியில் அறிக்கையின் வரைவு வந்தது.
முதல் பக்கத்தில் மேகத்துக்கு மேலே ஒரு இறக்கை,
நூற்றுப் பத்தாம் பக்கத்தில் நான்.
இருபத்தேழாம் குறிப்பு, பொடி எழுத்து, பதினோரு வரி.
என் பெயர் எங்கும் இல்லை,
"நிர்வாகத்தின் மதிப்பீடு" என்றுதான் எழுதியிருந்தாள்.
முன்பேர நட்டம் நாற்பத்தொரு மில்லியன்.
சரிபார்க்கச் சொல்லி எனக்கே அனுப்பியிருந்தாள்.

ஒரே ஒரு திருத்தம் செய்தேன்:
நாற்பத்தொன்று புள்ளி மூன்று.

வெளியான அன்று மதியத்துக்குள்
பங்கு நான்கு சதவீதம் சரிந்தது.
தொலைபேசிகள் ஓய்ந்தபோது வெளியே இருட்டு,
பனி வாரும் வண்டிகளின் ஆரஞ்சு விளக்கு.
தைமி குனிந்து பூட்ஸ் கயிற்றைக் கட்டிக்கொண்டிருந்தாள்.
"மார்ச்சில் எண்ணெய் எப்படிப் போகும்?"
"தெரியாது."
"அதையும் எழுதி வை," என்றாள்,
குல்லாயைக் காதுவரை இழுத்துவிட்டு
ஐந்து இருபது ரயிலுக்கு ஓடினாள்.