வாய்க்காலை மூடும் வேலை

இடத்தின் பெயரைச் சொல்லக் கூடாது என்று
கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள்.
கரோலினா மலைகளில் எங்கோ
ஒரு சர்ச், பூட்டிய பெட்ரோல் பங்க்,
அதற்குப் பின்னால் ஈரம்.
இதற்குமேல் கேட்காதீர்கள்.

எழுபத்தொன்றில் இந்த வாய்க்காலை வெட்டியவன் நான்.
பத்தொன்பது வயது.
மணிக்கு இரண்டு டாலர், மதியம் ரொட்டி.
நிலத்துக்காரர் ஹோபர்ட் ப்ளெம்மன்ஸுக்கு
பீன்ஸ் போட வேண்டும், தண்ணீர் வடிய வேண்டும்.
எந்திரத்தின் வாய் நிறையப் பாசி வந்தது,
பிழியாமலே சொட்டியது.
பாசியோடு, முழங்கால் உயரத்துக்கு,
உதடு சிவந்த பச்சைக் குழல்கள்.
ஒன்றைக் கத்தியால் பிளந்து பார்த்தேன்.
எறும்பு, ஈ, வண்டின் ஓடு,
கிழியாத ஒரு குளவி இறக்கை.
வாசலில் தேன் தடவி
வந்த விருந்தைச் செரித்துவிடும் வீடு.
"களை" என்றார் ஹோபர்ட்.
நானும் களை என்றே வாரிப் போட்டேன்.

பீன்ஸ் இரண்டு வருடம் மஞ்சளாய் முளைத்தது.
மூன்றாம் வருடம் ஹோபர்ட் முளைக்கவில்லை.
பிறகு மேப்பிள் வந்தது,
அதன் நிழல் வந்தது,
நிழலில் ஒவ்வொரு குழலாக
உயரம் குறைந்து, வாய் சுருங்கி,
வெறும் இலையாகிக் காத்துக் கிடந்தது.

இப்போது அதே வாய்க்காலை மூட
என்னையே கூப்பிடுகிறார்கள்.
மண்ணுக்கடியில் சுட்ட குழாய் எங்கே போகிறதென்று
எந்த வரைபடத்திலும் இல்லை,
என் இடது முட்டிக்குத் தெரியும்.
தாவரம் படித்த பெண், பிரியான் மெட்காஃப்,
ஒவ்வொரு தூருக்கும் நீலக் கொடி நட்டு வைத்திருந்தாள்.
பதினொன்று.
உலகத்தில் இது இருக்கும் இடங்களை
விரல்விட்டு எண்ணிவிடலாம் என்றாள்,
எண்ணிக் காட்டவில்லை.

திங்கட்கிழமை ஏழுதான் இருந்தது.
நான்கு கொடிகள் குழிகளின் பக்கத்தில்
ஒழுங்காகப் படுக்க வைக்கப்பட்டிருந்தன.
அவள் குந்தி உட்கார்ந்து
குழியில் ஊறிய தண்ணீரையே பார்த்தாள்.
நான் குழியின் விளிம்பைப் பார்த்தேன்.
வழுவழுப்பான வெட்டில், ஓரிடத்தில் மட்டும்,
பல் உடைந்த கோடு.
அந்தப் பல்லை உடைத்தது நான், ஒரு வேலிக்கல்லில்.
அந்த மண்வெட்டியை இரவல் வாங்கிப் போனவன்
என் அக்கா மகன் டேரல்.

டிரெய்லரின் குளியல் தொட்டியில்
ஒன்று மிச்சம் இருந்தது.
மூன்று தபாலில் போய்விட்டன,
ஈரச் செய்தித்தாள் சுற்றி, பொம்மை என்று எழுதி.
லாரித் தவணை, மாமா, என்றான்.
அவன் பெண்குழந்தை தொட்டி விளிம்பைப் பிடித்துக்கொண்டு
குழலுக்குள் ஒரு சீரியலை நழுவவிட்டாள்,
அது விழும் சத்தத்துக்குக் காது கொடுத்தாள்.
நான் அவனை அடிக்கவில்லை.
இரண்டு டாலருக்கு நான் வாரியது எத்தனை என்று
யாரும் கொடி நட்டு எண்ணியிருக்கவில்லையே.

விடியுமுன் நட்டுவிட்டேன்.
"சாலையோரம் கிடந்தது" என்றேன்.
பிரியான் என் காலணிச் சேற்றைப் பார்த்தாள்,
நோட்டில் எட்டு என்று எழுதி
பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போட்டாள்.
அதை இன்னும் அழிக்கவில்லை.

வாய்க்காலை ஆறு இடத்தில் அடைத்தேன்.
குழாயை உடைக்கையில் பழைய தண்ணீர்
ஒருமுறை ஏப்பம் விட்டது.
மேப்பிள்களை அறுத்தோம், வெயில் இறங்கியது.

மே மாதம் ஒரு பூ.
அரக்குச் சிவப்பு, தலை கவிழ்ந்து,
பிடித்தவர் இல்லாத குடைபோல.
நான் நட்ட தூரில் இல்லை.
அது இன்னும் முடிவு செய்யவில்லை.
ஆனால் அதன் ஒரே குழலுக்குள்
ஒரு சின்ன அந்துப்பூச்சி, தலை மேலாக,
வழுக்கும் சுவரில் வழுக்காமல்
பகல் முழுக்கத் தூங்கியது.
அதற்கு மட்டும் அந்த வீட்டில்
எப்படி நிற்பது என்று தெரிந்திருக்கிறது.

என் எந்திரச் சக்கரத் தடத்தில்
இப்போது தண்ணீர் நிற்கிறது.
வடியவில்லை.