நாற்பது கைகளின் பாரம்

சுங்கை மெராந்தியில் பசியாறக் கடை திறக்குமுன்னே
யோகேஸ்வரி நாற்பது கைகளோடு வந்து நின்றாள்.
முட்டைத் தட்டுகளுக்கு நடுவே படுத்திருந்தன,
வெள்ளைப் பீங்கான்,
மணிக்கட்டுக்குக் கீழே ஒன்றுமில்லை.
"கப்பல்ல போகணும். அண்ட்வெர்ப்புக்கு.
கொஞ்சம் குறைச்சுச் சொல்லுங்க."

நான் சரக்கு அனுப்பும் கடையில் பாரம் நிரப்புகிறவன்.
பாமாயில், மரச்சட்டம்,
ஒருமுறை மொரீஷியஸ் கோயிலுக்கு ஆறு உறுமி.
எதைக் கொடுத்தாலும் எட்டு இலக்க எண்ணாக்கித் தருவேன்.
இதற்கு எண் தேடியே பாதி நாள் போயிற்று.

கையுறை ஆலையில் கழித்துப்போட்ட அச்சுகள்.
சங்கிலியில் தலைகீழாகத் தொங்கி
பாலில் முங்கி முங்கி எழுந்தவை.
நகம் உண்டு, முட்டி உண்டு,
ரேகை மட்டும் கிடையாது.

பதினோரு வருஷம் அங்கே
கையுறைக்குள் காற்றடைத்து ஓட்டை பார்த்தவள் அவள்.
பழைய சாமான் கடையில் கிலோக் கணக்கில் வாங்கி
ஒவ்வொன்றிலும் ஒருவருடைய உள்ளங்கையை
நீல மையில் வரைந்திருந்தாள்.
எல்லாம் ராத்திரி ஷிப்ட்டில் பார்த்த கைகள்.
ஆயுள் ரேகை நடுவில் அறுந்திருந்தால்
அறுந்தபடியே.

டில் பகதூர் மட்டும் கேட்டானாம்:
என் ரேகை விற்கும் காசில் எனக்கென்ன?
இருநூறு வெள்ளியில் தொடங்கி நூற்றைம்பதில் முடிந்தது.
மற்றவர்கள் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை.
கைக்கு அறுநூறு யூரோ என்ற அண்ட்வெர்ப் அம்மாள்
நானூறுக்கு இறங்கியிருந்தாள்.
யோகேஸ்வரி என்னிடம் முப்பது வெள்ளி குறைத்தாள்.
பேரம் ஒரு நீள வரிசை,
எல்லோருக்கும் முன்னால் யாரோ ஒருவரின் முதுகு.

சுங்கத்தில் என்சிக் ஹம்டான்
ஒரு கையை எடுத்துக் கையுறை மாட்டிப் பார்த்தார்.
சரியாக ஏறியது.
"வேலை செய்கிறதே. அப்படியானால் கருவி."
கழற்றினார். ரேகை தெரிந்தது.
"இப்போது?"
கோப்பி ஆறும்வரை
மாட்டுவதும் கழற்றுவதுமாக இருந்தார்.
பிறகு கலைப்பொருள் என்று முத்திரை குத்தினார்.
தீர்ப்பல்ல அது,
சாப்பாட்டு நேரம்.

அடுத்த கட்டம்: எந்த நாட்டுப் பொருள்?
அச்சு வார்த்தது சீனாவில்.
முங்கிய பால் தாய்லாந்து லோரியில் வந்தது;
இங்கே பால்மரம் சாய்த்துச் செம்பனை நட்டு
முப்பது வருஷமாகிறது.
மை ஜப்பான்.
ரேகைகள் பொக்காரா, சில்ஹெட்.
ஒன்று இந்த ஊர் என்றாள்,
யாருடையது என்று சொல்லவில்லை.

மலேசியா என்று எழுதினேன்.
ஒரு வார்த்தை, ஏழு விநாடி.
என் மாமா சிவப்பு ஐசியோடு
இருபது வருஷம் இதே கட்டத்துக்கு வெளியே நின்றார்.
அவர் முறை வந்தபோதெல்லாம்
அதிகாரிக்குப் பசிக்கவில்லை.

கடைக்குத் திரும்பி மறுபடி பொதியும்போது
முப்பத்தொன்றாம் கை.
கட்டைவிரல் மேட்டில் குறுக்கே ஒரு வெட்டு.
பதினாறு வயதில், பள்ளி விடுமுறைக் கூலிக்குப் போய்
அலக்குக் கத்தி வழுக்கிய இடம்.
என் இடம்.

எப்போது பார்த்தாள்?
போன வருஷம் மாதிரிக்கு ஒன்று அனுப்ப வந்தபோது
மீதிச் சில்லறை நீட்டினேனே,
அப்போதா?

நூற்றைம்பது கேட்கலாம்.
வாய் வரைக்கும் வந்தது.
தராசில் வைத்தேன். ஒன்று புள்ளி இரண்டு கிலோ.
எழுதிக்கொண்டேன்.
குறைத்த முப்பது வெள்ளியை
பில்லில் திரும்பச் சேர்த்தேன்.

பில்லைப் பார்த்தாள். பிறகு என்னை.
ஒன்றும் பேசாமல் எண்ணி நீட்டினாள்.
இரண்டு விரலால் வாங்கினேன்,
உள்ளங்கையைக் காட்டாமல்.