எட்டரை மணி

அந்த வீட்டு அப்பாவுக்கு மாடிப்படி உண்டு.
துக்கம் வந்தால் நான்காவது படியில் உட்காருவார்.
எங்கள் அப்பாவுக்கு
புளியரை எடைமேடையில் ஒரு மடக்கு நாற்காலி.
கொஞ்சம் சாய்ந்தால்
வைக்கோல் லாரிக்காரன் ஹாரன் அடிப்பான்.

அங்கே மூன்று பெண்கள்,
இங்கேயும் மூன்று.
அந்த மூத்தவள் கதவை அறைந்து சாத்தினால்
வயலின் வாசிக்கிறார்கள்.
எங்கள் குழல்வாய்மொழி சாத்தினால்
தாழ்ப்பாள் கழன்று கையோடு வரும்.
அப்பா திருப்புளியோடு வெளியே நின்று
"உள்ளேருந்து கொஞ்சம் பிடிச்சுக்கோ தாயி" என்பார்.
சண்டை அத்தோடு சரி.

எட்டரைக்குப் போடுவார்கள்.
ஒன்பதரைக்கு அப்பாவுக்கு ராத்திரி டூட்டி.
அந்த ஒரு மணி நேரத்துக்குள்தான்
சோறு, சீரியல், ரேங்க் கார்டு,
சின்னவள் இசக்கிக்குச் சடை.
லோடு கட்டுகிற முடிச்சுதான் அப்பாவுக்குத் தெரியும்.
எஸ் வளைவில் லாரியே கவிழ்ந்தாலும்
இசக்கி சடை அவிழாது.

சீரியலில் அப்பாவுக்கு ஒரே ஒரு குறை:
"எந்நேரமும் வீட்லயே கெடக்கானே,
இவனுக்கு யாரு லீவு கொடுக்கா?"

போன ஓணத்துக்கு லாரி குறைவு.
எங்களை மேடையில் நிற்க வைத்தார்.
அந்தத் தராசு பத்துப் பத்தாகத்தான் காட்டும்.
மூன்று பேரும் நூற்றிப் பத்து.
அவரும் ஏறினார், நூற்றி எழுபது.
சீட்டு அடித்து பர்ஸில் வைத்திருக்கிறார்.
வண்டி எண் என்ற இடத்தில்
எங்கள் வீட்டு நம்பர்.

ஒருநாள் எபிசோடில்
அந்த அப்பா மருந்துக்கடையில் நிற்கிறார்,
நடுப்பெண்ணுக்காக.
"அது... அந்த..." என்று திக்க,
கடைக்காரன் இருமல் மருந்தை எடுத்து வைக்கிறான்.
யாரோ கூட்டமாய்ச் சிரிக்கும் சத்தம்.
நாங்களும் சிரித்தோம்.
அப்பா தட்டைக் கழுவப் போய்விட்டார்.

குழலுக்கு அம்மா இருந்தாள்.
என் முறைக்கு
புளியரையில் கேட்கவில்லை, செங்கோட்டையில் கேட்கவில்லை,
தக்காளி லாரியில் ஏறி
மலை தாண்டி ஆரியங்காவில் இறங்கி
மலையாளத்தில் கேட்டு வாங்கி வந்தார்.
"நம்ம பாஷை இல்லல்லா, கூச்சம் வராது."
மலையாளப் பேப்பர் சுற்றி
மேலே மறைப்புக்கு நேந்திரங்காய் சிப்ஸ்.
செக்போஸ்ட்டில் பையைத் திறந்து பார்த்த போலீஸ்காரர்
சிப்ஸை மட்டும் எடுத்துக்கொண்டாராம்.
அன்றைக்கு எனக்கு அழுகை வந்தது
அந்தச் சிப்ஸுக்குத்தான்.

அந்த வீட்டுச் சுவரில்
அம்மா போட்டோ, சந்தன மாலை, சிவப்பு பல்பு.
வியாழக்கிழமை அந்த அப்பா போட்டோவைப் பார்த்து
"நீ இருந்திருந்தா..." என்றதும்
இடைவேளை விட்டார்கள்.
விளம்பரத்தில்
அதே அம்மா,
மாலையைக் கழற்றி வைத்துவிட்டு வந்தவள்போல் வந்து
கருகிய சட்டி துலக்கினாள்.
முழங்கை வரை நுரை.
மூக்குத்திகூட அதேதான்.

"அப்பா, அவங்க சாகலப்பா!"
இசக்கிதான் கத்தினாள்.
குழலு அவள் தொடையில் கிள்ளினாள்.
நான் ரிமோட்டைத் தேடினேன்,
அது என் மடியிலேயே இருந்தது.

பிசைந்த சோறு கையில் இருக்க
அப்பா கடைசிவரை பார்த்தார்.
முப்பது வினாடி இருக்கும்.
"எந்தச் சோப்புட்டி அது?" என்றார்.

சனிக்கிழமை விடிகாலை
டூட்டி முடிந்து வந்தவர் பையில்
கத்தரிக்காய், இசக்கிக்கு ரிப்பன்,
பச்சை உறையில் அந்தச் சோப்பு, இரண்டு.
நாங்கள் ஒன்றும் கேட்கவில்லை.

விளம்பரத்தில் வந்ததில் பாதி நுரைகூட வரவில்லை.

அந்த வாரம்
அப்பா வைத்த குழம்பெல்லாம் அடிப்பிடித்தது.
சட்டியை
எங்கள் யாரிடமும் அவர் கொடுக்கவில்லை.